கண்ணாச்சூமி

பிப்ரவரி 6

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுவது. நான், உன் அத்தான், சூமி மூவரும் சுகம். உன் இடுப்பு வலி எந்த மட்டில் இருக்கிறது? நாள் பூராவும் உட்கார்ந்து பாட்டுக் கேட்பதற்குச் சம்பளம் தருகிறார்கள், இடுப்பாவது கொஞ்சம் வலிக்கட்டுமே என்று உன் அத்தான் சொல்கிறார். நான் சொல்லவில்லை.

எனக்கு வழக்கம்போலத்தான். மாத்திரை, வெந்நீர், நூலகம். தொண்டையில் கட்டியை எடுத்தபோது நரம்பும் சேர்ந்து போய் ஏழு வருஷமாகிறது. வாயைத் திறந்தால் காற்று மட்டும்தான் வரும். போனில் உன் உயிரை வாங்க முடியாததால் காகிதத்தில் வாங்குகிறேன். நூலகத்தில் எனக்கு என்ன வேலை தெரியுமா? 'சத்தம் போடாதீர்கள்' என்று எழுதிய பலகையைத் தூக்கிக் காட்டுவது. என்னைவிடப் பொருத்தமான ஆள் அவர்களுக்கு எங்கே கிடைக்கும்?

விஷயத்துக்கு வருகிறேன். கம்பெனியின் பழைய பாட்டுகளில் நல்லதாகப் பொறுக்கி ஒரே சிடியாகப் போடும் பொறுப்பு உனக்கு வந்திருப்பதாக எழுதியிருந்தாய். படித்ததிலிருந்து எனக்கு வேறு நினைப்பே இல்லை. என் பாட்டை அதில் சேர்ப்பாயா?

கோரஸில் நின்ற என்னை, பெரிய பாடகி வராத அந்த ஒரு நாள், "நீ வாம்மா" என்று மைக் முன்னால் இழுத்து நிறுத்தினார் இசையமைப்பாளர். 'கண்ணாமூச்சி' என்று பாட வேண்டிய இடத்தில் பயத்தில் 'கண்ணாச்சூமி' என்று பாடித் தொலைத்தேன். மூன்று வயதில் நாக்குத் திரும்பாமல் நீ சொன்ன வார்த்தை. அதற்கப்புறம் நம் வீட்டில் கண்ணாமூச்சி என்று யார் சொன்னார்கள்? நீ அப்போது அங்கே எடுபிடி. ஓரத்தில் வயரைச் சுருட்டிக்கொண்டு நின்றவன் தலையில் அடித்துக்கொண்டாய். அவரோ, "இது நல்லா இருக்கே, இப்படியே இருக்கட்டும்" என்று விட்டுவிட்டார். நான் தனியாகப் பாடியது அந்த ஒன்றுதான். படம் ஓடவில்லை. என்னிடம் இருந்த கேசட்டும் வீடு மாற்றியதில் போனது.

சூமிக்கு ஒன்பது வயது. என் குரல் போனபோது இரண்டு. அவளுக்கு அது நினைவே இல்லை. போன வாரம் பள்ளிக்கூடத்தில் ஒரு பெண், "உங்கம்மா ஊமையா?" என்று கேட்டிருக்கிறாள். வந்து என்னிடம் கேட்டாள். சிலேட்டைக் கையில் எடுத்து, 'கை கழுவிவிட்டுச் சாப்பிட வா' என்று எழுதினேன்.

அவள் ஒரு தடவை என் குரலைக் கேட்க வேண்டும் தம்பி. நான் கேட்பது அவ்வளவுதான்.

உன் வீட்டுக்காரியைத் தொண்டையைப் பார்த்துக்கொள்ளச் சொல். அதன் அருமையை என்னைக் கேட்டால் சொல்வேன். சொல்ல மாட்டேன், எழுதிக் காட்டுவேன்.

உன் பதிலுக்கு வாசலைப் பார்த்திருக்கும்,
அக்கா


பிப்ரவரி 27

அன்பு அக்காவுக்கு,

தம்பி எழுதிக்கொள்வது. நானும் அவளும் நலம். இடுப்பு அப்படியேதான் இருக்கிறது என்று அத்தானிடம் சொல், சந்தோஷப்படுவார். நீ மாத்திரையைத் தவறவிடாமல் சாப்பிடுகிறாயா?

இதை நீ கேட்கவும் வேண்டுமா அக்கா? உன் பாட்டு இல்லாமல் நான் தொகுப்புப் போடுவேனா? ஏதோ பாட்டுகளை வரிசையாக அடுக்கினால் முடிந்தது என்று எல்லோரும் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. முதல் பாட்டு ஊருக்கே தெரிந்ததாக இருக்க வேண்டும். அடுத்தது அதைவிட வேகமாக. ஏழாவது பாட்டுக்கு வரும்போதுதான் கேட்கிறவன் கொட்டாவி விட்டு எழுந்து போவான். அந்த இடத்தில் அவனைப் பிடித்து உட்கார வைக்கிற பாட்டு வேண்டும். உன் பாட்டு ஏழாவது. முடிவு செய்துவிட்டேன்.

ஒரே சிக்கல். மூல டேப் பழசாகிப் பூச்செல்லாம் பசைபோல ஒட்டிக்கொண்டிருக்கிறது. அப்படியே ஓட்டினால் உரிந்து வந்துவிடும். சின்ன அடுப்பில் மெல்லிய சூட்டில் வைத்து உலர்த்தி, ஒரே தடவை ஓட்டிப் பிடித்துக்கொள்ள வேண்டும். பயப்படாதே, நானே செய்கிறேன்.

அந்த வார்த்தையைத் தப்பாகப் பாடிவிட்டு நீ சிரித்தாயே ஒரு விக்கல் சிரிப்பு, அதுவும் டேப்பில் இருக்கும். என் வீட்டுக்காரி மேடையில் உன் பாட்டைப் பாடும்போது எல்லாம் வரும், அந்தச் சிரிப்பு மட்டும் வராது. ஆனாலும் கைதட்டுக்குக் குறைவில்லை.

சூமிக்கு மாமாவின் முத்தம்.

அன்பு மாறாத,
தம்பி


மார்ச் 15

என் அருமைத் தம்பிக்கு,

இங்கே சுகத்துக்கு மேலே சுகம். உன் கடிதத்தை உன் அத்தான் சத்தமாகப் படித்தார், நான் கேட்டேன், அப்புறம் நானே இரண்டு தடவை படித்தேன். பாட்டை அடுப்பில் வைத்துச் சுடுவார்களா? ரொட்டியா அது? கருக விட்டுவிடாதேடா. நீ முட்டை அவிக்கப் போய்ப் பாத்திரத்தைத் தீய்த்தவன்.

விக்கல் சிரிப்பை ஞாபகம் வைத்திருக்கிறாயே! குரலை எடுத்துக்கொண்ட டாக்டர் அதை மட்டும் விட்டுவைத்திருக்கிறார். சிரித்து முடித்து மூச்சை உள்ளே இழுக்கும்போது ஒரு 'ஹிக்' வருகிறது. இந்த வீட்டில் என் சத்தம் என்று இருப்பது அது ஒன்றுதான். உன் அத்தான் அதற்காகவே அறுவையாக எதையாவது சொல்லிக்கொண்டிருக்கிறார்.

இன்னொன்று கேட்க வேண்டும். கேட்கலாமா என்று யோசித்துவிட்டுத்தான் கேட்கிறேன். என் பேரைப் போடுவாயா? அப்போது கேசட் அட்டையில் 'பாடியவர்கள்: குழுவினர்' என்று போட்டார்கள். "எங்க அக்காவுக்கு மாப்பிள்ளை பாக்குறோம், பேரு கீரு வேண்டாம் சார்" என்று நீதான் போய்ச் சொன்னாய். நானும் சரி என்றேன். இப்போது எனக்கு மாப்பிள்ளை வந்து வயிறும் வைத்து வழுக்கையும் விழுந்துவிட்டது. இனி யாருக்குப் பயப்பட வேண்டும்? பேரைப் போடு. மூன்று சுழி 'ண'. பள்ளிக்கூடத்திலிருந்து ரேஷன் அட்டை வரை எல்லோரும் ரெண்டு சுழி போட்டே என்னைக் கொன்றார்கள். நீயாவது சரியாகப் போடு.

சூமியிடம் நான் ஒன்றும் சொல்லவில்லை. மாமா ஒரு பொருள் அனுப்புவார் என்று மட்டும் எழுதிக் காட்டினேன். வரட்டும். அவளே கேட்டு அவளே அட்டையில் அம்மா பேரைப் படிக்கட்டும். அவள் முகத்தை நான் பார்க்க வேண்டும்.

இடுப்புக்கு வெந்நீர் ஒத்தடம் கொடு.

ஆசையோடு,
அக்கா


மே 2

அன்பு அக்காவுக்கு,

நலம். நீங்கள் மூவரும் நலம்தானே? பதில் எழுதத் தாமதமாகிவிட்டது. இங்கே இடம் பொருள் தெரியாமல் எல்லோரும் தலையில் ஏறி உட்காருகிறார்கள்.

டேப் பிழைத்துக்கொண்டது. ஒரு தடவைதான் ஓட்டினேன். உன் குரல் வந்ததும் எழுந்து வெளியே போய் நின்றேன் அக்கா. கூட இருந்த பையன், "சார் கண்ணுல தூசியா?" என்றான். ஆமாம் என்றேன்.

கம்பெனியில் பழைய ஆவணங்களைச் சேர்க்கிறார்கள். அந்தக் கேசட் அட்டை, ஒப்பந்தத் தாள், ரெக்கார்டிங் அன்று எடுத்த படம் எதுவாவது உன்னிடம் இருக்கிறதா? இருந்தால் அசலையே அனுப்பு. நகல் போதாது என்கிறார்கள். பத்திரமாக வைத்திருப்பேன்.

இவளுக்கு வெளிநாட்டுக் கச்சேரிப் பேச்சு ஒன்று நடந்துகொண்டிருக்கிறது. இன்னும் உறுதியாகவில்லை. இங்கே வெயில் தாங்கவில்லை.

அன்புடன்,
தம்பி


மே 20

அன்புள்ள தம்பிக்கு,

எல்லோரும் சுகம். சூமிக்கு மட்டும் ஒரு பல் ஆடுகிறது. ஆட்டிப் பார்க்க விடமாட்டேன் என்கிறாள்.

நீ அழுதாய் என்று எழுதியதைப் படித்துவிட்டு நானும் அழுதேன். தானாடாவிட்டாலும் தன் தசையாடும் என்பது சும்மாவா?

ஒப்பந்தமும் இல்லை, ஒன்றும் இல்லை. எழுதிக்கொடுத்தால்தானே இருக்கும்? இந்தப் படம் ஒன்றுதான். பீரோவில் துணிக்கு அடியில் வைத்திருந்தேன். நான் மைக் முன்னால், பக்கத்தில் கோரஸ் பெண்ணாக உன் வீட்டுக்காரி, பின்னால் வயரோடு நீ. நீ மைக்கைப் பார்க்கவில்லை, அவளைத்தான் பார்க்கிறாய். கள்ளன்! உங்கள் விஷயம் அன்றே எனக்குத் தெரிந்துபோயிற்று. குரல் இருந்த காலத்தில் அதில் பாதியை உங்கள் கல்யாணத்துக்காக அப்பாவிடம் கத்தியே தீர்த்தேன். நான் போட்டிருக்கும் சட்டையைப் பார். கைக்குக் குஞ்சம் வைத்து நானே தைத்தது. இசையமைப்பாளர் போய்ச் சேர்ந்துவிட்டார், மற்ற கோரஸ் பெண்கள் எங்கே இருக்கிறார்களோ. நான் பாடினேன் என்பதற்கு இந்தப் படமும் நீங்கள் இரண்டு பேரும்தான் மிச்சம். பார்த்துவிட்டுத் திருப்பி அனுப்பு.

பேரைப் பற்றி நீ ஒன்றும் எழுதவில்லையே. மறந்திருப்பாய். மூன்று சுழி.

அன்புடன்,
அக்கா


ஜூலை 10

தம்பிக்கு,

இங்கே சுகம். அங்கே? பதில் எழுதாமல் இருக்கிறவன் இல்லை நீ. கிணற்றில் போட்ட கல் மாதிரி இருக்கிறாய். உடம்புக்கு ஒன்றும் இல்லையே? உன் அத்தான் போன் பண்ணினால் வெளியே போயிருக்கிறாய் என்கிறார்களாம், எப்போது பண்ணினாலும். சூமியின் பல் விழுந்துவிட்டது. ஒரு வரி எழுதிப் போடு.

கவலையோடு,
அக்கா


ஆகஸ்ட் 18

அன்பு அக்காவுக்கு,

நலம். வேலை நெருக்கடியில் எழுத முடியவில்லை, மன்னித்துக்கொள்.

தொகுப்பு வெளிவந்துவிட்டது. ஒரு பிரதியைச் சூமிக்குத் தனியாக அனுப்பியிருக்கிறேன். ஏழாவது பாட்டு. ஒலி மிகவும் சுத்தமாக வந்திருக்கிறது, எல்லோரும் பாராட்டுகிறார்கள். அட்டை, புத்தகம், பெயர்கள் எல்லாம் மேலே இருப்பவர்கள் முடிவு செய்வது. நான் ஒரு சின்ன ஆள் என்பது உனக்குத் தெரியும்.

உடம்பைப் பார்த்துக்கொள். பிறகு விரிவாக எழுதுகிறேன்.

தம்பி


செப்டம்பர் 3

தம்பிக்கு,

நாங்கள் சுகம் என்று எழுதத்தான் கை வருகிறது. பழக்கதோஷம்.

சிடி ஞாயிற்றுக்கிழமை காலையில் வந்தது. இதற்காகவே உன் அத்தான் ஒரு பிளேயர் வாங்கி, மேலே துணி போட்டு மூடி வைத்திருந்தார். சூமிதான் பார்சலைப் பிரித்தாள். நான் அவள் முகத்தையே பார்த்துக்கொண்டு எதிரே உட்கார்ந்திருந்தேன். ஏழாவது போடு என்று விரலால் காட்டினேன்.

என் குரலை நானே கேட்டு எத்தனை வருஷம்! நல்ல குரல்தான் தம்பி. பொய்யாகச் சொல்லவில்லை, நல்லாத்தான் பாடியிருக்கிறேன். அந்த வார்த்தை வந்ததும் சூமி குதித்தாள். "அம்மா! என் பேரு! பாட்டுல என் பேரு வருதும்மா!" என்று ஒரே கூச்சல். அட்டையைத் திருப்பிப் படித்தாள். படித்துவிட்டு, "அத்தை பாடியிருக்காங்க! அத்தை எனக்காகப் பாடியிருக்காங்க!" என்று அறை முழுக்கச் சுற்றி வந்தாள்.

நான் அட்டையை வாங்கிப் பார்த்தேன். பாடியவர் என்ற இடத்தில் உன் மனைவியின் பெயர். அச்சுப் பிழையாக இருக்கும் என்று நினைத்தேன், சத்தியமாக. உள்ளே இருந்த புத்தகத்தைப் புரட்டினேன். அதில் அவள் சொல்லியிருக்கிறாள், 'கண்ணாச்சூமி என்ற சொல் மைக் முன்னால் நின்றபோது தானாக என் நாவில் வந்தது' என்று. பக்கத்தில் நான் அனுப்பிய படம். அவள் இருக்கிறாள், நீ இருக்கிறாய், மைக் இருக்கிறது. நான் இல்லை. ஓரத்தில் ஒரு முழங்கை மட்டும் நீட்டிக்கொண்டிருக்கிறது, குஞ்சம் வைத்த கையோடு. வெட்டியவனுக்கு அதையும் வெட்டத் தெரியவில்லை.

கடைசிப் பக்கத்தில் என் பேரும் இருக்கிறது. 'நன்றி' என்ற தலைப்பில், தேநீர் கொண்டுவந்தவருக்கு அடுத்தபடி. ரெண்டு சுழி.

சிலேட்டை எடுத்து, 'அது நான்' என்று எழுதிச் சூமியிடம் காட்டினேன். அவள் படித்துவிட்டுச் சிரித்தாள். "போம்மா! உனக்குத்தான் குரலே இல்லையே!"

உன் அத்தான், "நெசமாத்தான்டா, அம்மாதான் பாடினா" என்றார். அவள் நம்பவில்லை. "அப்பா எப்பவும் உன் கட்சி. புக்குல அத்தை பேருதானே போட்டிருக்கு?" என்றாள். அச்சில் இருப்பதைப் பார், ஆள் சொல்வதைக் கேட்காதே என்று அவளுக்குச் சொல்லிக்கொடுத்ததே நான்தான். நான் மறுபடி மறுபடி சிலேட்டைத் தட்டிக் காட்டினேன். அவளுக்குப் பயமாகிவிட்டது. "சரிம்மா, சரி, நீதான்" என்று என் கையைத் தடவிக்கொடுத்தாள். காய்ச்சல்காரியிடம் பேசுவது போல. அது எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று நினைத்துப் பார்.

மேலே இருப்பவர்கள் முடிவு செய்தார்களா? கண்ணாச்சூமியையும் மேலே இருப்பவர்களா சொன்னார்கள்? அது உன் வாயில் பிறந்த வார்த்தை. அப்பாவுக்கு, அம்மாவுக்கு, உனக்கு, எனக்கு மட்டும் அர்த்தம் தெரிந்த வார்த்தை. அதைத் தூக்கிக் கொடுக்க உனக்கு எப்படி மனசு வந்தது? அசலையே அனுப்பு, பத்திரமாக வைத்திருப்பேன் என்று எழுதி வாங்கினாயே, எதற்கு வாங்கினாய் என்று இப்போது புரிகிறது. வேலியே பயிரை மேய்ந்தது என்று படித்திருக்கிறேன். எங்கள் நூலகத்தில் அப்படி எத்தனையோ கதைகள் இருக்கின்றன. என் வீட்டுக்கு வரும் என்று நினைக்கவில்லை.

நம்பவைத்துக் கழுத்தை அறுப்பது என்பார்கள். என் கழுத்தை டாக்டரும்தான் அறுத்தார். மயக்க மருந்து கொடுத்துவிட்டு அறுத்தார். நீ அதுகூடக் கொடுக்கவில்லையேடா.

எனக்குச் சிடி வேண்டாம். அச்சை மாற்ற வேண்டாம். ஊருக்குத் தெரிய வேண்டாம். நீ ஒரு நாள் புறப்பட்டு வந்து, சூமியைப் பக்கத்தில் உட்காரவைத்து, 'உங்கம்மாதான் பாடினாங்க' என்று உன் வாயால் சொல். உன் பேச்சை அவள் நம்புவாள். மாமா என்றால் அவளுக்கு உயிர். எனக்கு வாய் இல்லை. உனக்கு இருக்கிறது. அதைத்தான் கேட்கிறேன்.

அக்கா


அக்டோபர் 9

மரியாதைக்குரிய அண்ணிக்கு,

வணக்கம். நீங்களும் அண்ணனும் குழந்தையும் நலமாக இருக்க வேண்டும். உங்கள் கடிதத்தை அவர் மேஜை இழுப்பறையில் வைத்துப் பூட்டிவிட்டார். சாவி எங்கே இருக்கும் என்று எனக்குத் தெரியும். படித்தேன். அவருக்குத் தெரியாமல்தான் இதை எழுதுகிறேன்.

நான் உங்கள் பாட்டைத் திருட நினைக்கவில்லை அண்ணி. ஒரு கச்சேரியில் 'இந்தப் பாட்டைப் பாடியவர்' என்று என்னை அறிவித்தார்கள். நான் திருத்தவில்லை. அடுத்த கச்சேரியில் அவர்களே அப்படிச் சொன்னார்கள். பத்து வருஷத்தில் அதுவே என் அடையாளமாகிவிட்டது. வெளிநாட்டுக்குக் கூப்பிடுவதும் அந்தப் பாட்டுக்காகத்தான். தொகுப்பில் வேறு பேர் வந்தால் என் கதி என்ன என்று இவரிடம் அழுதேன். அது உண்மை.

ஆனால் உங்களிடம் கேட்டுவிட்டதாக இவர் சொன்னார். "குரலே போன பிறகு எனக்கு எதுக்குடா பேரு, உன் பொண்டாட்டிக்கே போட்டுக்கோ" என்று நீங்கள் எழுதியதாகச் சொன்னார். உங்கள் பெரிய மனசை நினைத்து நான் கும்பிட்டேன். நீங்கள் அப்படி எழுதவே இல்லை என்பது இப்போதுதான் தெரிகிறது. அந்தச் சொல்லுக்கு என்ன அர்த்தம் என்றுகூட எனக்குத் தெரியாது அண்ணி. உன் நாக்கில் தானாக வந்தது என்று சொல், கேட்க நன்றாக இருக்கும் என்று சொல்லிக்கொடுத்தவர் அவர்தான்.

உங்கள் காலில் விழுந்து ஒன்று கேட்கிறேன். பயணம் முடிகிற வரைக்கும் இதை யாரிடமும் சொல்லாதீர்கள். திரும்பி வந்ததும் நானே ஏதாவது செய்கிறேன். நீங்கள் சத்தம் போட்டால் நான் அழிந்தேன்.

இப்படிக்கு,
உங்கள் தம்பி மனைவி

பி.கு.: 'சத்தம் போட்டால்' என்று எழுதிவிட்டேன். அடிக்க மனம் வரவில்லை, அடித்தால் இன்னும் தப்பாகத் தெரியும். மன்னியுங்கள்.


நவம்பர் 12

அன்பு அக்காவுக்கு,

நலம்தானே? எனக்கு இடுப்பு வலி அதிகமாகி, நீண்ட பயணம் கூடாது என்கிறார் டாக்டர். அதனால் வர இயலாது.

நீ கோபமாக எழுதியிருந்தாய். கோபப்பட உனக்கு உரிமை இருக்கிறது. ஆனால் கொஞ்சம் யோசி. நீ பாடவில்லை என்று யார் சொன்னார்கள்? நமக்குள் தெரியாதா? பேர் வந்தால் அவளுக்கு இன்னும் நாலு மேடை கிடைக்கும். உனக்கு வந்தால் என்ன கிடைக்கும்? யாராவது பாடக் கூப்பிட்டால் போவாயா? குடும்பத்துக்குள்தானே இருக்கிறது, வெளியாள் யாரும் கொண்டுபோகவில்லையே என்றுதான் நினைத்தேன். சூமி சின்னப் பிள்ளை, நாலு நாளில் மறந்துவிடுவாள். பெரியவளானதும் பொறுமையாகச் சொல்லிக்கொள்ளலாம்.

உன் மனசு சமாதானமாக ஒரு வழி செய்திருக்கிறேன். சிடி நன்றாகப் போகிறது, இரண்டாம் பதிப்பு வரப்போகிறது. அதில் இவள் பேரை எடுத்துவிட்டு, பழைய கேசட்டில் இருந்தபடியே 'பாடியவர்கள்: குழுவினர்' என்று போடச் சொல்லிவிடுகிறேன். யாருக்கும் மனக்கஷ்டம் இல்லை. சம்மதம் என்று ஒரு வரி எழுது.

உன் தம்பி


டிசம்பர் 1

தொகுப்பாளர் அவர்களுக்கு,

எல்லோரும் நலம். உங்கள் இடுப்பைப் பற்றி இனி நான் விசாரிக்கப் போவதில்லை.

ஒரு செய்தி சொல்லவே எழுதுகிறேன். என் மகள் நாலு நாளில் மறக்கவில்லை. பள்ளிக்கூடம் விட்டு வந்ததும் ஏழாவது பாட்டு, சாப்பிட்டதும் ஏழாவது பாட்டு என்று போட்டபடியே இருந்தாள். அத்தை பாடிய பாட்டு என்று தோழிகளைக் கூட்டி வந்து போட்டுக் காட்டினாள். அவர்களுக்கு நான்தான் பலகாரம் கொடுத்தேன். அந்த வார்த்தை வரும்போதெல்லாம் இவள் கூச்சல் போடுவாள், அதற்குப் பின்னால் இருப்பது யார் காதிலும் விழாது. வீட்டில் தலைவலி தாங்காமல் என் கணவர் போன வாரம் அவளுக்கு ஒரு ஹெட்போன் வாங்கிக் கொடுத்தார்.

அவள் அதை மாட்டிக்கொண்டு கூடத்தில் உட்கார்ந்திருந்தாள். நான் சமையலறையில் இருந்தேன். இவர் பால் காய்ச்சுகிறேன் என்று பொங்கவிட்டு, "அடுப்புக்குத்தான் முதல்ல தாகம் எடுத்திருக்கு" என்றார். நான் சிரித்தேன். திரும்பினால் சூமி வாசற்படியில் நிற்கிறாள், ஹெட்போன் கழுத்தில் கிடக்கிறது.

"அம்மா, இன்னொரு தடவை சிரி."

சிரி என்றால் வந்துவிடுமா? அவள் ஓடிவந்து இடுப்பில் கிச்சுகிச்சு மூட்டினாள். 'ஹிக்' என்று வந்தது. ஹெட்போனின் ஒரு பக்கத்தைத் தன் காதிலும் மறுபக்கத்தை என் காதிலும் வைத்து, அந்த வார்த்தைக்குக் கொஞ்சம் முன்னால் ஓட்டிவிட்டாள். இந்தத் தடவை அவள் கூச்சல் போடவில்லை. வார்த்தை வந்தது, அதன் பின்னால் என் சிரிப்பு வந்தது.

"இது நீ," என்றாள். "நீதாம்மா இது. நீ சொன்னப்ப நான் நம்பலையேம்மா." அழுதாள். என் தொண்டைத் தழும்பைத் தொட்டுத் தொட்டு அழுதாள். அழுது முடித்ததும் கேள்வி கேட்டாள்.

"மாமாவுக்குத் தெரியுமா?"

'தெரியும்' என்று எழுதினேன்.

"அத்தைக்கு?"

அதற்கும் 'தெரியும்' என்ற அதே எழுத்தைக் காட்டினேன்.

"அப்ப எல்லாருக்கும் தெரியுமா? எனக்கு மட்டும்தான் தெரியாதா?"

அதற்கு என்ன எழுதுவது? உங்களுக்குத் தெரிந்தால் சொல்லுங்கள். நீங்கள் நன்றாக எழுதுகிறீர்கள், குடும்பத்துக்குள்தானே என்றெல்லாம். நான் சிலேட்டைக் கீழே வைத்துவிட்டேன். அவள் அட்டையை எடுத்து, அத்தை பேரை அடித்து, மேலே என் பேரை எழுதினாள். மூன்று சுழி. ஒன்பது வயதுப் பிள்ளைக்கு அது தெரிகிறது.

இரண்டாம் பதிப்புக்குச் சம்மதம் கேட்டிருந்தீர்கள். எதை வேண்டுமானாலும் போட்டுக்கொள்ளுங்கள். நான் கேட்ட இடத்தில் என் பேர் வந்துவிட்டது. படத்தை மட்டும் திருப்பி அனுப்புங்கள், வெட்டாத படத்தை. உங்கள் மனைவியிடம், நான் சத்தம் போட மாட்டேன் என்று சொல்லிவிடுங்கள். போட முடிந்தாலும் போட மாட்டேன். அவள் பயந்துபோய்ச் செய்தாள். நீங்கள் யோசித்துச் செய்தீர்கள்.

நேற்று காலையில் பள்ளிக்கூடத்துக்குக் கிளம்பும்போது சிலேட்டில் வழக்கம்போல, 'சூமி, தண்ணீர் பாட்டிலை மறக்காதே' என்று எழுதினேன். அவள் படித்துவிட்டு நின்றாள். "அம்மா, அந்தப் பேரு மாமா சொன்ன வார்த்தையில இருந்துதானே வந்துச்சு?" என்றாள். தலையை ஆட்டினேன். விரலால் அந்த இரண்டு எழுத்தை மட்டும் அழித்தாள். "எனக்கு அது வேணாம்மா. இனிமே என் ஸ்கூல் பேரையே எழுது."

எழுதினேன். இனி எங்கள் வீட்டில் அது கண்ணாமூச்சிதான்.

இப்படிக்கு,
குழுவினரில் ஒருத்தி